கலியாண அரிசியும் டயட்டம் மண்ணும்

களஞ்சியத்துக்கு வந்து சேரும் எந்தப் பொருளும், அது இன்னதென்று அறிந்த ஒருவர் உறுதிப்படுத்தும்வரை பாவனைக்கு விடப்படலாகாது. ஐயம் இருந்தால் மாதிரி எடுத்துப் பரிசோதிக்கவேண்டும் என்பது நான் வேலைபார்த்த திணைக்களத்தின் விதிகளில் ஒன்று. பதவி உயர்வுப் பரீட்சைக்காக அதை மனப்பாடம் செய்தேன். (முதல் தடவையிலேயே சித்தியடைந்தேன். இதை இங்கே சொல்லாவிட்டால் வேறெங்கே சொல்வது?) விதிக்கு இரண்டு பகுதிகள் இருப்பதைக் கவனியுங்கள். முதற்பகுதியோடு நிறுத்தியிருந்தால் ஒரு கலியாணம் அமைதியாக நடந்திருக்கும். நான் இரண்டாம் பகுதியைப் பின்பற்றினேன். அதையும் எழுத்துக்கு எழுத்து பின்பற்றினேன். அழிவு என்பது பெரும்பாலும் விதியை மீறுகிறவர்களால் வருவதில்லை என்று என் சேவைக்காலம் முழுவதும் சொல்லி வந்திருக்கிறேன். யாரும் கேட்டதில்லை.

எழுபத்தெட்டாம் ஆண்டுச் சூறாவளி அடித்து ஓய்ந்த பிறகு எங்கள் கல்முனைக் கரைக்கு நிவாரணம் வந்தது. கூடாரம் வந்தது, போர்வை வந்தது, எங்கள் வெயிலில் மனிதன் அணியவே முடியாத கம்பளிச் சட்டைகள் வந்தன. அவற்றோடு எங்கோ ஒரு தூரதேசத்து நல்ல மனசுக்காரர்கள் தண்ணீர் வடிகட்டும் இயந்திரம் ஒன்றையும் அனுப்பியிருந்தார்கள். அது மிக நல்ல இயந்திரம். சேற்றுத் தண்ணீரைக் கண்ணாடிபோல ஆக்கித் தரும். எங்கள் கிணறுகளில் ஏறியிருந்ததோ கடல் தண்ணீர். இயந்திரம் சேற்றை எடுக்கும், உப்பை எடுக்காது. ஆகவே கல்முனை மக்களுக்கு மிகத் தெளிவான உப்புத் தண்ணீர் சில நாட்கள் கிடைத்தது. பிறகு இயந்திரத்தை யாரோ கையெழுத்து வைத்து எடுத்துப் போனார்கள். அதற்குத் தீனியாக வந்ததென்று பிற்பாடு தெரிந்த வெள்ளைப் பொடி மூடைகளை மட்டும் எவரும் எடுத்துப் போகவில்லை. அவை என் களஞ்சியத்தில் தங்கிவிட்டன. நான் அப்போது அந்தக் களஞ்சியத்தின் இளம் பொறுப்பாளன்.

பொடி பார்ப்பதற்கு அமெரிக்கன் கோதுமை மாவைப்போல வெள்ளையாக, மெத்தென்று இருந்தது. தூக்கினால் மூடைக்குரிய பாரமே இல்லை. எங்கள் காவலாளி அதை மாவென்று நினைத்து ரொட்டி சுட முயன்றதாகவும், அது உருண்டையாகத் திரளாமல் சட்டிக்குள்ளேயே சேறாகிவிட்டதாகவும் கேள்வி. மூடையின் பக்கத்தில் ஆங்கிலத்தில் ‘டயட்டோமேஷியஸ் ஏர்த்’ என்று அச்சடித்திருந்தார்கள். ஏர்த் என்றால் மண். சூறாவளியில் வீடிழந்த மக்களுக்குக் கப்பலில் மண் அனுப்பியிருக்கிறார்கள் என்பது புரிந்தது. ஏன் என்பதுதான் புரியவில்லை.

தலைமை அலுவலகத்துக்கு எழுதினேன்: இது என்ன பொருள், எதற்குப் பாவிப்பது, எவ்வாறு அப்புறப்படுத்துவது? பதில் இல்லை. நினைவூட்டல் எழுதினேன். அந்த நினைவூட்டலை நினைவூட்டி இன்னொன்று எழுதினேன். பிறகு வாசிகசாலைக்குப் போய், கலைக்களஞ்சியத்தின் தடித்த தொகுதி ஒன்றைத் தூசி தட்டி எடுத்தேன்.

அப்படியொரு மண் உலகத்தில் உண்டா என்று வியந்து போனேன். கடலிலும் ஏரியிலும் கண்ணுக்குத் தெரியாத பாசிவகை ஒன்று வாழ்கிறது. அதற்குப் பெயர் டயட்டம். அது தனக்குக் கண்ணாடியில் ஓடு கட்டிக்கொள்ளும். செத்தபின் ஓடு அடியில் படியும். லட்சக்கணக்கான வருடம் படிந்து படிந்து வெள்ளை மண்ணாகும். அந்த மண்ணால் வடிகட்டுகிறார்கள்: சீனிப்பாகு, நீச்சல் தடாகத்துத் தண்ணீர், நமக்கு ஹராமான பானங்கள். அதை வைத்து வெள்ளிப் பாத்திரம் துலக்குகிறார்கள். பற்பொடியில் சேர்க்கிறார்கள். கொட்டிய எண்ணெயை உறிஞ்ச வைக்கிறார்கள். டைனமைட் செய்கிறவர்கள் வெடிக்கும் திரவத்தை இந்த மண்ணில் ஊறவைத்துத்தான் சாதுவாக்கினார்களாம். எல்லாவற்றுக்கும் மேலாக, தானியத்தில் கலந்தால் வண்டு சாகும். நஞ்சில்லை, மணமில்லை. வண்டின் உடம்பைப் போர்த்தியிருக்கும் மெழுகுப் படலத்தை அது உரசி எடுத்துவிட, வண்டு உள்ளீரம் வற்றிச் சாகிறது.

பக்கம் அதோடு முடிந்தது. அடுத்த பக்கத்தில் ‘வகைகள்’ என்று ஒரு தலைப்புத் தெரிந்தது. வாசிகசாலைக்காரர் கதவைச் சாத்தத் தொடங்கினார். நான் புத்தகத்தை மூடினேன். (வாழ்க்கையில் நான் திருப்பாமல் விட்ட பக்கங்களில் மிக விலையுயர்ந்தது அதுதான்.)

சில மாதங்களில் எனக்கு மருதமுனையில் கலியாணம் நடந்தது. எங்கள் பக்கத்து வழக்கப்படி மாப்பிள்ளைதான் பெண்வீட்டுக்குக் குடிபோவான். நானும் ஒரு பெட்டியும் இரண்டு பேனாவும் குடிபோனோம். மாமா வீட்டுத் தறியில் சாரன், அதாவது கைலி, நெய்து விற்பவர், சாதுவான மனிதர். மாமி சாதுவானவர் என்று யாரும் குற்றம்சாட்டியதில்லை. ஆனால் அந்தக் காலத்தில் மாமி மருமகனோடு நேரே கதைப்பதில்லை. அறைவாசலில் ஒரு சீலைத்திரை தொங்கும். மாமி திரைக்கு அந்தப் பக்கம், மருமகன் இந்தப் பக்கம். சொல்லவேண்டியதை மகளிடம் சொல்லி அனுப்புவார். மகள் வீட்டில் இல்லையென்றால் பூனையிடம் சொல்வார். நானும் அதைக் கேட்காதவன்போலக் கேட்டுக்கொள்ளவேண்டும். நிருவாகத்தில் இதைவிட ஒழுங்கான தொடர்பாடல் முறையை நான் கண்டதில்லை.

அந்த வருட மாரிமழைக் காலத்தில் என் மனைவி ஜெமீலாவின் தங்கை நஸீமாவுக்குக் கலியாணம் குறித்தார்கள். சின்னப்போகத்து நெல்லைக் குத்தி, கலியாணத்துக்கென்றே அரிசி மூடைகளை உள்ளறையில் அடுக்கியிருந்தார்கள். மாப்பிள்ளை வீட்டார் சாய்ந்தமருதிலே பெரிய குடும்பம். சாப்பாட்டில் குறை கண்டுபிடிப்பதைக் கடமையாகச் செய்கிறவர்கள். அந்த அரிசியில்தான் நஸீமாவின் மானம், மாமாவின் மானம், வீட்டு மானம் எல்லாம் இருந்தது. அதில் வண்டு விழுந்தது.

ஒருநாள் காலை திரைக்குப் பின்னாலிருந்து மாமி பூனையைக் கூப்பிட்டார்.

“பூன, கேட்டியா? கலியாண அரிசியெல்லாம் வண்டு அரிக்கிது. வெயில்ல காயவப்பம் எண்டா வானம் மூடிக் கிடக்கு. படிச்ச ஆக்கள் இரிக்கிற வீட்டில இதுக்கொரு வழி இல்லியா?”

பூனை ஐந்தாம் வகுப்பும் படிக்கவில்லை. ஆகவே அந்தக் கோரிக்கை எனக்கென்று ஏற்றுக்கொண்டேன்.

விதியின் இரண்டாம் பகுதி ஞாபகத்துக்கு வந்தது: மாதிரி எடுத்துப் பரிசோதித்தல். மாதிரி எவ்வளவு இருக்கவேண்டுமென்று விதியில் இல்லை. ஒரு முழு மூடையை மாதிரியாக எடுத்தேன். ‘பரிசோதனைக்காக’ என்று எழுதி நானே விண்ணப்பித்து, நானே சிபாரிசு செய்து, நானே அனுமதித்தேன். மூன்று கையெழுத்தும் ஒன்றாகத் தெரியக்கூடாதென்று மூன்று நிற மை பாவித்தேன்.

மூடையைச் சைக்கிளில் கட்டி வந்து, முகத்தில் கைக்குட்டை கட்டிக்கொண்டு உள்ளறைக்குள் நுழைந்தபோது ஜெமீலா வழியை மறித்தாள்.

“இது என்ன, மருந்தா?”

“மருந்தில்ல. மண்.”

“அரிசிக்குள்ள மண்ணா போடப் போறீங்க?”

“இது சும்மா மண்ணில்ல புள்ள. லட்சக்கணக்கான வருசத்துக்கு முந்திச் செத்த பாசிட ஓடு.”

“அப்ப மையித்து மண்ணெண்டு சொல்லுங்க. தங்கச்சிட கலியாணத்துக்கு மையித்து மண்ணா?”

பிரேத மண் என்ற பட்டத்தைக் கேளாதவன்போல, நான் பொறுமையாக மெழுகுப் படலத்தை விளக்கினேன். வண்டு எப்படிக் காய்ந்து சாகும் என்று கையால் செய்தும் காட்டினேன்.

“இந்த மாரியில காஞ்சி சாகுமா?” என்றாள். “நாலு நாளாக் கொடியில கிடக்கிற உங்கட சாரனே இன்னும் காயல்ல.”

விஞ்ஞானத்துக்கு முன்னால் கொடியில் தொங்கும் சாரனைக் கொண்டுவந்து நிறுத்துகிறவளோடு என்ன வாதம் செய்வது? மாமா மட்டும் வாசலில் நின்று அக்கறையாகக் கேட்டார். இந்த மண்ணின் புகழையெல்லாம் அவருக்கு முதல்நாளே சொல்லியிருந்தேன்.

“டைனமைட்டுக்கும் போடுறதெண்டு சொன்னீங்க. அரிசி வெடிக்காதே மருமகன்?”

“வெடிக்காது மாமா.”

“அல்லாட காவல்” என்று சொல்லிவிட்டுத் தறிப்பக்கம் போனார். அன்று முழுவதும் உள்ளறைப் பக்கம் அவர் சுருட்டுப் பற்றவைக்கவில்லை.

அரிசி மூடை ஒவ்வொன்றிலும் பொடியைக் கொட்டிக் கிளறினேன். அறை பனிமூட்டமாகியது. நான் இருமினேன்; ஜெமீலா இருமினாள்; திரைக்குப் பின்னாலிருந்தும் ஓர் இருமல் கேட்டது, ஆனால் அது எனக்கு நேரே இருமப்பட்டதல்ல. நான் வெளியே வந்தபோது புருவம் வெளுத்து எழுபது வயதுக் கிழவனாகத் தெரிந்தேனாம். (இப்போது கண்ணாடி பார்க்கும்போது அந்தக் கணிப்புச் சரியென்றே தோன்றுகிறது.)

சில நாட்கள் கழித்துத் திரைக்குப் பின்னாலிருந்து மாமியின் குரல் வந்தது.

“பூன, மூடைய அவுத்துப் பாத்தன்கா. வண்டெல்லாம் பவுடர் பூசிக்கிட்டுத் திரியிது. ஒண்டும் சாகல்ல. முந்தி ஒண்டெண்டா இப்ப ரெண்டு.”

நான் பத்திரிகையை விரித்துப் பிடித்துக்கொண்டேன். முறைப்படி பார்த்தால் அந்த முறைப்பாடு பூனைக்கு விலாசமிடப்பட்டது; எனக்குப் பிரதிகூட இல்லை. பூனையிடம் சொன்னதற்கு மருமகன் பதில் சொல்லப் போவது மரியாதைக் குறைவு. முந்தைய தடவை பூனையின் கடிதத்தைப் பிரித்துப் படித்தவனும் நான்தான் என்பது அன்று எனக்கு நினைவில் இல்லை. அரச சேவையில் இருப்பவனுக்கு எந்தக் கடிதம் தனக்கு வந்தது, எது வரவில்லை என்பதைத் தீர்மானிக்கும் திறமை இயல்பாகவே அமைந்துவிடும். மாமியாலும் அதற்கு மேல் ஒன்றும் செய்ய முடியவில்லை. வழக்கம் அவர் வாயையும் கட்டிப் போட்டிருந்தது. அன்றிலிருந்து ஒவ்வொரு நாளும் பூனை திட்டு வாங்கியது. கடைசியில் அது பக்கத்து வீட்டுக்குக் குடிபோய்விட்டது.

கலியாண நாள் விடிந்தது. சுபஹுத் தொழுகை முடிந்து, கோக்கி காதர் காக்கா ஆட்களோடு வந்து முற்றத்தில் அடுப்பு மூட்டினார். அந்த வட்டாரத்தில் அவர் சமைக்காத கலியாணத்தைக் கலியாணமென்று யாரும் கணக்கெடுப்பதில்லை. பாயை விரித்து முதல் மூடையைக் கொட்டினார்கள். அரிசியோடு சேர்ந்து வண்டுகளும் இறங்கின. தலை முதல் கால்வரை வெள்ளை உடுத்து, ஜும்ஆத் தொழுகைக்குப் புறப்பட்டவர்கள் போல வரிசையாக, அவசரமில்லாமல் நடந்தன.

“ஆரு இந்த அரிசிக்குப் பவுடர் பூசின?” என்றார் காதர் காக்கா.

முற்றத்தில் நின்ற எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். நான் கிணற்றைப் பார்த்தேன்.

கழுவத் தொடங்கினார்கள். ஒரு தண்ணீர், இரண்டு தண்ணீர், ஐந்து தண்ணீர், பாலாகவே வந்தது. மெல்லிய பிடவையில் கொட்டி வடிக்கலாம் என்றார் ஒருவர். வடித்தார்கள். சிறிது நேரத்தில் பிடவையின் கண்கள் அடைத்துக்கொண்டு சொட்டுச் சொட்டாகத்தான் இறங்கியது. குனிந்து பார்த்தேன். பிடவைக்குக் கீழே விழுந்த தண்ணீர் கண்ணாடிபோல இருந்தது. அந்த மண் தனக்குத் தெரிந்த தொழிலை எங்கள் முற்றத்திலும் மிகத் திறமையாகச் செய்துகொண்டிருந்தது. பிழையான பதவியில் அதை நியமித்தவன் நான்தான்.

“இந்தத் தண்ணியப் பாருங்க, என்ன தெளிவு!” என்று என்னையறியாமல் சொல்லிவிட்டேன்.

“தண்ணியையா சகன்ல வச்சிக் குடுக்கப் போறம்?” என்று காதர் காக்கா அகப்பையை நிலத்தில் ஊன்றினார். எங்கள் பக்கத்தில் ஒரு பெரிய தட்டைச் சுற்றி ஆறேழு பேர் அமர்ந்து உண்பது வழக்கம். அந்தத் தட்டுத்தான் சகன். அப்படிப்பட்ட சகன்கள் அடுக்கடுக்காகக் கழுவிக் காத்திருந்தன.

ஒரு சிறு பானையில் சோதனைக்கு ஆக்கி மாமாவுக்குக் கொடுத்தார்கள். மாமா ஒரு கவளம் வாயில் வைத்தார். அவர் மெல்லும் ‘நறநற’ சத்தம் தறிச்சத்தத்தைத் தோற்கடித்தது. எனக்காக முழு மனதோடு விழுங்கினார்.

“பல்லு நல்லாத் துப்புரவாகுது மருமகன்” என்றார்.

அதைவிட அவர் என்னை அடித்திருக்கலாம். உள்ளே நஸீமா அழும் சத்தம் கேட்டது. நண்பகல் லுஹர் தொழுகைக்கெல்லாம் மாப்பிள்ளை வீட்டார் வந்துவிடுவார்கள். எனக்கு மூளை கலங்கிப் போயிற்று. ஓடும் தண்ணீரில்லாவிட்டாலும் ஆழமான தண்ணீர் இருக்கிறதே, மூடையோடு முக்கி அலசிவிடலாம் என்று நினைத்து, அவிழ்த்த மூடையொன்றைத் தூக்கிக் கிணற்றுக் கட்டில் ஏற்றிவிட்டேன். அந்த வளவுக்கும் அடுத்த மூன்று வளவுகளுக்கும் அது ஒன்றுதான் நல்ல தண்ணீர்க் கிணறு.

“மருமகன்! கைய எடுங்க!”

திரை கிழியும்படி விலகியது. மாமி வாசலில் நின்றார். வந்த நாளிலிருந்து எனக்கு நேரே சொல்லப்பட்ட முதல் வார்த்தை அதுதான். காதர் காக்காவின் ஆட்கள் அடுப்பு ஊதுவதை நிறுத்தினார்கள். மாமா தலையைக் குனிந்துகொண்டார். நான் கையை எடுத்தேன். மூடை நல்ல வேளையாகக் கட்டின் இந்தப் பக்கம் சரிந்தது.

மாமி முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு உத்தரவுகள் போட்டார். “ஜெமீலா, ஒழுங்கை முழுக்கப் போ. வீட்டுக்கு ரெண்டு கொத்தோ மூணு கொத்தோ, ஆரு என்ன அரிசி தந்தாலும் வாங்கு. அடுத்த போகத்துக்குத் தாறமெண்டு சொல்லு.” பிறகு என் பக்கம் திரும்பினார். “நீங்க சாக்கத் தூக்கிக்கிட்டுப் பின்னால போங்க. வாயத் திறக்காதீங்க.”

என் கலியாணத்துக்கு எடுத்த பட்டுச் சாரனோடு, தோளில் சாக்கோடு, அரசாங்க உத்தியோகத்தன் மருதமுனை ஒழுங்கையில் அரிசி வாங்கப் போனேன். வீட்டுக்கு வீடு ஜெமீலாவிடம் ஒரே கேள்வி.

“கலியாண வீட்டில அரிசி இல்லியா புள்ள?”

“அரிசி இரிக்கி. இவர் அதுக்கு மையித்து மண் போட்டுட்டார்.”

“ஏன் வாப்பா அப்பிடிச் செஞ்சீங்க?” என்று ஒரு கிழவர் உண்மையான கவலையோடு என்னிடம் கேட்டார். நான் வாயைத் திறக்கக்கூடாதென்று உத்தரவு. தலையை மட்டும் ஆட்டினேன். “பாவம், கதைக்க மாட்டாரா?” என்று அவர் ஜெமீலாவிடம் அனுதாபப்பட்டார். அவள் மறுக்கவில்லை.

சாக்கு நிறைய நிறைய முற்றத்தில் கொட்டினோம். சிவப்பரிசி, வெள்ளைப் பச்சையரிசி, புழுங்கல், சம்பா. ஒன்று வேக ஒன்று குழையும். காதர் காக்கா திட்டிக்கொண்டே அரிசியைப் பார்த்துப் பார்த்துத் தனித்தனிக் கிடாரத்தில் போட்டார். இறைச்சிக் கறி மட்டும் எவர் அறிவின் குறுக்கீடும் இல்லாமல் நன்றாக வந்திருந்தது. லுஹர் தாண்டி, பின்னேரத்து அசர் தொழுகை நெருங்கும் நேரத்தில் சகன்கள் வைக்கப்பட்டன. எந்த இரண்டு சகனிலும் சோறு ஒரே நிறமில்லை. மாப்பிள்ளையின் பெரியப்பா, குறை கண்டுபிடிப்பதில் சாய்ந்தமருதுக்கே தலைவர், பக்கத்துச் சகனை எட்டிப் பார்த்தார்.

“எங்கட பக்கம் எல்லாருக்கும் ஒரே சோறுதான்” என்றார். “இவங்க ஆளாளுக்குப் பாத்து ஆக்கியிரிக்காங்க. பெரிய மனிசக் குடும்பம்.”

நஸீமாவின் மானம் தப்பியது. என்னுடையது அந்த ஒழுங்கையிலேயே கிடக்கிறது, தேவையானவர்கள் எடுத்துக்கொள்ளலாம்.

பொடி பூசிய அரிசியைக் கோழிகளுக்குப் போட்டோம். கோழிகள் அரிசியை ஒதுக்கிவிட்டு வண்டுகளைத் தேடித் தின்றன. அவ்வகையில் என் பூச்சி ஒழிப்புத் திட்டம் வெற்றியளித்தது.

அடுத்த கிழமை வாசிகசாலைக்குப் போய் அந்தப் பக்கத்தைத் திருப்பினேன். டயட்டம் மண் ஒன்றில்லையாம். வெட்டியெடுத்து உலர்த்தி அரைப்பது ஒன்று, இயற்கை மண். வண்டைக் கொல்வது அதுதான். அதுவும் உலர்ந்த களஞ்சியத்தில்தான் வேலை செய்யும். ஈரம் பட்டால் வெறும் மண். (கொடியில் தொங்கிய என் சாரன் இதை முன்பே எடுத்துரைத்திருந்தது.) இரண்டாவது, சூளையில் சுட்டது, இளஞ்சிவப்பாக இருக்கும். மூன்றாவது, சோடா உப்புச் சேர்த்துச் சுட்டது, பால்போல வெள்ளை. சுட்ட இரண்டும் வடிகட்டுவதற்குத்தான். வண்டு அதற்குச் சாகாது. அதைப் பறக்கவிட்டுச் சுவாசிக்கும் மனிதனின் நெஞ்சுக்குத்தான் கேடு. மூடையின் பக்கத்தில் ‘ஃப்ளக்ஸ் கல்சைன்ட்’ என்று தெளிவாகவே எழுதியிருந்தது. உப்புச் சேர்த்துச் சுட்டது என்று பொருள். நான் அதை உற்பத்தியாளரின் பெயரென்று நினைத்திருந்தேன். ஜெர்மன்காரராக இருக்கலாம் என்றுகூட எண்ணியதுண்டு.

மாமி விஷயத்துக்கு வருகிறேன். ஒருமுறை விலகிய திரை பிறகு மூடவேயில்லை. அதைக் கழற்றித் தலையணை உறை தைத்தார்கள். ஊரில் மற்ற மருமகன்மாரெல்லாம் மாமியாரின் மௌனத்தில் நிம்மதியாக வாழ்ந்தபோது, எனக்கு மட்டும் எல்லாம் நேரே சொல்லப்பட்டது. என் நடை, என் சைக்கிள், நான் மீன் வாங்கும் லட்சணம், நான் பிள்ளையைத் தூக்கும் விதம். இடையில் பூனை இல்லை. எனக்கு வரவில்லை என்று சொல்ல வழியில்லை. வீட்டுக்கு மாவோ, பவுடரோ, சுண்ணாம்போ எது வந்தாலும், “முதல்ல மருமகன்ட கண்ணுல படாம வைங்க” என்பார். அதை அவரது பேரப்பிள்ளைகளின் பிள்ளைகளும் இன்று சொல்கிறார்கள்.

களஞ்சியத்துக்கும் முறைப்படி அறிக்கை எழுதினேன்: மாதிரி பரிசோதிக்கப்பட்டது, தண்ணீர் வடிகட்ட மிகவும் உகந்தது. அதில் ஒரு பொய்யும் இல்லை.

தலைமை அலுவலகம் கடைசியில் பதில் அனுப்பியது. மேற்படி பொருள் பல வகைப்படும் என்பதாலும், வகைக்கு வகை பாவனை வேறுபடும் என்பதாலும், தங்கள் வசமுள்ளது எந்த வகை என்பதை உடன் அறியத்தருமாறும், அதுவரை மூடை எதையும் திறக்கவேண்டாமென்றும் எழுதியிருந்தார்கள். நான் இடமாற்றமாகி இரண்டு அலுவலகம் தாண்டியிருந்தேன். கடிதம் என்னைத் தேடித் தேடி, உறை முழுக்க முத்திரைகளோடு வீட்டுக்கே வந்தது. தபால்காரரிடமிருந்து அதை வாங்கி என்னிடம் நீட்டியவர் மாமி. நான் வாசித்துக் காட்டியபோது அடுப்படிப் பெண்கள் சிரித்த சிரிப்பில் ஒரு கிடாரம் அடிப்பிடித்தது. அடுப்படியில் அன்று அவ்வளவு கூட்டம் இருந்ததற்குக் காரணம் உண்டு: பதில் வந்து சேர்ந்த திகதி, நஸீமாவின் மூத்த மகனுக்கு ஏழு வயதில் சுன்னத் வைத்த நாள்.